பாடியவர் பெயரையும் எழுதுங்கள்

1990களின் யூரோடான்ஸ் என்ற ஐரோப்பிய நடன இசைப் பாடல்களுக்குப் பதிவுரிமை வைத்திருக்கும் இசை நிறுவனங்களுக்கும், அவற்றை இன்று கேட்கத் தரும் ஸ்ட்ரீமிங் தளங்களுக்கும்,

வணக்கம்.

சுற்றி வளைக்காமல் கேட்டுவிடுகிறேன். கொரோனா என்ற இத்தாலியக் குழுவின் ‘தி ரிதம் ஆஃப் தி நைட்’ ஓடும்போது ஜென்னி பி என்ற பெயர் கேட்பவர் கண்ணில் பட வேண்டும். அதே குழுவின் ‘பேபி பேபி’, ‘ட்ரை மீ அவுட்’ ஓடும்போது சாண்டி சேம்பர்ஸ் என்ற பெயர் தெரிய வேண்டும். பாடியவர்கள் அவர்கள்தான். இந்த இரண்டு பெயர்களில் தொடங்கி, உங்கள் கிடங்கில் இருக்கும் அந்தப் பத்தாண்டுப் பாடல்கள் எல்லாவற்றுக்கும் இதைச் செய்யுங்கள்.

(தமிழ் வாசகர்கள் பெயரைக் கேட்டதும் முகக்கவசத்தைத் தேட வேண்டாம். கிருமிக்குக் கால் நூற்றாண்டு முன்பே இந்தக் கொரோனா ஐரோப்பாவைப் பிடித்து ஆட்டியது. ஆடியவர்கள் விரும்பித்தான் ஆடினார்கள்.)

இந்தக் குழு எழுந்து வந்த கதை உங்களுக்கு மனப்பாடமாக இருக்கும். மடலைப் படிக்கும் மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். செக்கோ என்று அழைக்கப்படும் ஃபிரான்செஸ்கோ போன்டெம்பி ஓர் இத்தாலிய டிஜே. லீ மாரோ என்ற புனைபெயரில் 1980களிலிருந்தே நடன இசைத்தட்டுகள் வெளியிட்டு வந்தவர். அவருடைய புதுத் திட்டத்தை வெளியிட்டது ரோபெர்த்தோ ஸானெத்தியின் டிடபிள்யூஏ நிறுவனம். ஸானெத்தியும் முன்பு சாவேஜ் என்ற பெயரில் பாடிப் புகழ் பெற்றவர்தான். அந்தத் தொழிலில் சொந்தப் பெயரோடு வலம் வந்தவர்களை எண்ண ஒரு கை விரல்களே அதிகம்.

1993 நவம்பரில் ‘தி ரிதம் ஆஃப் தி நைட்’ இத்தாலியில் வெளியாகி எட்டு வாரங்கள் முதலிடத்தில் இருந்தது. பிரிட்டனுக்குப் போய்ச் சேர ஏறக்குறைய ஓராண்டு ஆனது. அது அன்றைய வழக்கம். கோடை விடுமுறைக்கு மத்தியதரைக் கடற்கரைகளுக்குப் போகும் பிரிட்டிஷ்காரர்கள் அங்குள்ள டிஸ்கோக்களில் கேட்ட பாடலை ஊர் திரும்பியதும் கடைகளில் தேடுவார்கள். அதனால் இலையுதிர்காலம் தொடங்கும்போது பிரிட்டிஷ் பட்டியலில் கடற்கரைப் பாடல்கள் ஏறும். 1994 செப்டம்பரில் கொரோனா இரண்டாம் இடத்தைப் பிடித்தது. முதலிடத்தைத் தர மறுத்தது விக்ஃபீல்டின் ‘சாட்டர்டே நைட்’. அதுவும் இத்தாலியத் தயாரிப்பு. அதற்கு முன் ‘வெட் வெட் வெட்’ குழு 15 வாரங்கள் அசையாமல் உட்கார்ந்திருந்த நாற்காலி அது. அமெரிக்கா ஐரோப்பிய நடன இசையை எளிதில் உள்ளே விடும் நாடல்ல. அங்கும் பில்போர்டு ஹாட் 100 பட்டியலில் 11ஆம் இடம் வரை போனது.

இவ்வளவும் ஒரே பாடலால். அந்தப் பாடலில் என்ன இருக்கிறது? நிமிடத்துக்கு ஏறக்குறைய 128 அடிகள், சின்தசைசர் வரி ஒன்று, சீரான டிரம். இந்தச் சரக்கு அந்த ஆண்டில் வெளியான நூற்றுக்கணக்கான தட்டுகளிலும் இருந்தது. அவற்றில் பெரும்பாலானவற்றின் பெயர் இன்று சேகரிப்பாளர்களைத் தவிர யாருக்கும் தெரியாது. இந்தப் பாடல் மட்டும் நிற்பதற்கு அந்தக் குரல் காரணம் என்பது என் முடிவு. சரணத்தில் ஏதோ ஒரு குறையை அடக்கிப் பேசுவதுபோல் இறங்கி நடக்கிறது. பல்லவிக்கு வரும்போது முழுத் தொண்டையும் திறக்கிறது. ஆனாலும் அந்த உச்சத்தில் கொண்டாட்டம் பாதிதான். மீதிப் பாதி ஏக்கம். டிரம் இயந்திரத்தால் அதைக் கொடுக்க முடியாது. 1999இல் க்ளேர் டெனி தன் ‘போ த்ராவாய்’ படத்தின் இறுதியில் ஒரு முன்னாள் ராணுவ வீரனைத் தனியாக ஆடவிட இந்தப் பாடலை எடுத்துக்கொண்டது தற்செயல் என்று நான் நினைக்கவில்லை. 2013இல் பாஸ்டீல் குழு அதை மெதுவாக்கிப் பாடி பிரிட்டனில் மறுபடியும் இரண்டாம் இடத்துக்குக் கொண்டுபோனது. 2019இல் பிளாக் ஐட் பீஸும் ஜே பால்வினும் அதே பல்லவியின்மேல் இன்னொரு உலக வெற்றியைக் கட்டினார்கள்.

பாடியவர் ஜியோவானா பெர்சோலா. ஜென்னி பி என்பது அவருடைய மேடைப் பெயர். வீடியோவிலும் தொலைக்காட்சியிலும் தட்டின் அட்டையிலும் உலகம் பார்த்த முகம் ரியோ டி ஜெனீரோவில் பிறந்த ஓல்கா சூசாவுடையது. ஒருவர் பாடினார், இன்னொருவர் வாயசைத்தார். அடுத்து வந்த பாடல்களுக்கு ஆங்கிலேயப் பாடகி சாண்டி சேம்பர்ஸ் குரல் கொடுத்தார். முகம் அதே முகம். குரல் மாறியதை அறிவிக்க வேண்டும் என்று யாருக்கும் தோன்றவில்லை. ‘பேபி பேபி’ பிரிட்டனில் ஐந்தாம் இடம், ‘ட்ரை மீ அவுட்’ ஆறாம் இடம். ஜென்னி பியோ அந்த 1994இலேயே பிளேயாஹிட்டி என்ற இன்னொரு பெயரில் வந்த ‘தி சம்மர் இஸ் மேஜிக்’ பாடலிலும் இருக்கிறார். ஒரே தொண்டை, இரண்டு குழுக்கள், இரண்டிலும் அட்டையில் அவர் முகம் இல்லை.

இதில் எனக்கு நெடுநாளாகக் கசக்கும் செய்தி ஒன்று உண்டு. 2000ஆம் ஆண்டு சான்ரெமோ இசை விழாவில் ஜென்னி பி ‘செம்ப்ளிச்சே சாய்’ பாடி வெற்றி பெற்றார். எந்தப் பிரிவில் தெரியுமா? புதியவர்கள் பிரிவில். அவர் குரலை ஐரோப்பாவின் எல்லா டிஸ்கோக்களும் ஆறு ஆண்டுகளாக ஒலிக்கவிட்ட பிறகு, தன் சொந்த நாட்டின் மிகப் பெரிய மேடையில் அவர் அறிமுகப் பாடகி. சான்ரெமோ நடுவர்களை நான் குறை சொல்ல மாட்டேன். பதிவேட்டில் இல்லாத ஆளை அவர்கள் எப்படிப் பழையவர் என்று சொல்வார்கள்?

ஓல்கா சூசாவின்மேல் கல்லெறிய இந்த மடலை யாரும் பயன்படுத்த வேண்டாம். நாடு நாடாகப் போய் ஆடியவர், கூட்டத்தை எழுப்பியவர், அந்தப் பெயரைப் பல ஆண்டுகள் சுமந்தவர் அவர். அந்த உழைப்பு உண்மையானது. ‘வீடியோவிலும் மேடையிலும்: ஓல்கா சூசா’ என்று எழுதினால் அவருக்கு என்ன இழுக்கு? இரண்டு பேருடைய வேலையையும் ஒருவர் பெயரில் எழுதும்போதுதான் அவரும் பொய் சொன்னவராக ஆகிறார். அந்தப் பொய்யை அவர் எழுதவில்லை.

பழி யார்மேல் விழும் என்பதற்கு மிலி வனிலி என்ற இணை ஒரு பாடம். ராப் பிலாட்டஸ், ஃபாப் மோர்வன் என்ற இரண்டு இளைஞர்கள் 1990 பிப்ரவரியில் சிறந்த புதுக் கலைஞருக்கான கிராமி விருது வாங்கினார்கள். அவர்கள் பாடவே இல்லை என்று தயாரிப்பாளர் ஃபிராங்க் ஃபாரியன் ஒப்புக்கொண்ட பிறகு, அதே ஆண்டு நவம்பரில் விருது பறிக்கப்பட்டது. உலகம் சிரித்தது அந்த இரண்டு பேரைப் பார்த்து. பிலாட்டஸ் 1998இல் ஜெர்மனியில் ஒரு ஓட்டல் அறையில் இறந்தார். உண்மையில் பாடிய சார்ல்ஸ் ஷா, ஜான் டேவிஸ், பிராட் ஹோவெல் பெயர்கள் பரபரப்பு ஓய்ந்ததும் மறுபடியும் மறைந்தன. ஃபாரியனோ அடுத்த சில ஆண்டுகளில் லா பூஷ் குழுவோடு மறுபடி உச்சிக்குப் போனார். அந்தக் குழுவில் மெலனி தார்ன்டன் தானே பாடினார், தானே மேடையில் நின்றார். அதனால் விற்பனை குறைந்ததா? ‘பீ மை லவர்’ உலகம் சுற்றியது. கல்ச்சர் பீட்டின் ‘மிஸ்டர் வெயின்’ பாடலைத் தானியா எவன்ஸ் பாடினார், முகமும் அவருடையதே. 1993இல் பிரிட்டனில் நான்கு வாரம் முதலிடம். டூ அன்லிமிடெட்டின் அனிதா டோத்தும் அப்படித்தான். மறைத்தால்தான் விற்கும் என்ற வாதம் உங்கள் சொந்தக் கணக்குப் புத்தகத்திலேயே தோற்றுப்போன வாதம்.

இந்தப் பழக்கம் எப்படி வந்தது என்பது எனக்குப் புரியாமல் இல்லை. யூரோடான்ஸ் ‘குழு’ என்பது பெரும்பாலும் ஒரு ஸ்டுடியோவும் இரண்டு தயாரிப்பாளர்களும்தான். பெயர் அவர்களுடைய சொத்து. குரல் வெளியிலிருந்து வரும். இத்தாலியில் ஆங்கிலத்தில் நம்பும்படி பாடக்கூடியவர்கள் சிலரே இருந்ததால், அந்தச் சிலரே பல பெயர்களில் பாடினார்கள். ஜெர்மனியில் ராப் பகுதிக்கு ஆள் தேடியவர்களுக்கு அமெரிக்கப் படைத்தளங்கள் கைகொடுத்தன. ஸ்னாப் குழுவின் டர்போ பி, லா பூஷின் லேன் மெக்ரே இருவருமே ராணுவச் சேவை வழியாக வந்தவர்கள். பாடகி ஒரு நாள் ஸ்டுடியோவுக்கு வருவார், பாடுவார், பேசிய தொகையை வாங்கிக்கொண்டு போவார். பாட்டு வெற்றி பெறும் என்று அன்றைக்கு யாருக்கும் தெரியாது. பெற்ற பிறகு தொலைக்காட்சிக்கு ஓர் உருவம் தேவைப்படும். அந்த அவசரத்தில் ஒரு மாடலையோ நடனக் கலைஞரையோ கூப்பிடுவார்கள். இதுவரை எனக்கு வருத்தமே தவிரக் கோபம் இல்லை. அவசரம் முடிந்து முப்பது ஆண்டுகள் ஆன பிறகும் ஏட்டைத் திருத்தாமல் வைத்திருப்பதில்தான் கோபம்.

பிளாக் பாக்ஸ் வழக்கை நினைவுபடுத்துகிறேன். மூன்று இத்தாலியர்களின் குழு அது. 1989இல் ‘ரைட் ஆன் டைம்’ பிரிட்டனில் ஆறு வாரம் முதலிடம், அந்த ஆண்டு அங்கே மிக அதிகம் விற்ற சிங்கிள். அதில் ஒலித்த குரல் 1980இல் லொலீட்டா ஹாலோவே பாடிய ‘லவ் சென்சேஷன்’ பாடலிலிருந்து வெட்டி எடுக்கப்பட்டது. தொலைக்காட்சியில் வாயசைத்தவர் கத்ரின் கினோல் என்ற மாடல். ஹாலோவே சட்டத்தின் கதவைத் தட்டினார். அடுத்து வந்த ஆல்பத்தின் பெரும்பாலான பாடல்களில் குரல் மார்த்தா வாஷுடையது. 1982இல் ‘இட்ஸ் ரெயினிங் மென்’ பாடிய தி வெதர் கேர்ள்ஸ் இணையில் ஒருவர். மாதிரிப் பதிவு என்று சொல்லித்தான் தன்னைப் பாடவைத்தார்கள் என்றார். தமிழ்த் திரையிசையில் இதை ‘ட்ராக் பாடுவது’ என்போம். ட்ராக் பாடியவரின் குரலையே வைத்துக்கொண்டு வேறொருவரை அட்டையில் போட்டால் கோடம்பாக்கத்தில் என்ன நடக்கும் என்று யோசித்துப் பாருங்கள். வாஷ் வழக்குப் போட்டார், சமரசம் ஆனது. சி அண்ட் சி மியூசிக் ஃபேக்டரி என்ற குழு அதே காரியத்தைச் செய்தபோது மறுபடியும் போட்டார். அமெரிக்காவில் பாடியவர் பெயரைக் குறிப்பிடும் கட்டாயம் அவரால் வந்தது என்று அந்தத் துறையில் இருப்பவர்கள் இன்றும் சொல்வார்கள். தனியாளாக, அதுவும் ‘வீடியோவுக்கு ஏற்ற தோற்றம் இல்லை’ என்று ஓரங்கட்டப்பட்ட ஒரு பெண், அவ்வளவைச் சாதித்தார். கோடிக்கணக்கான பாடல்களை நொடியில் தேடித் தரும் உங்களுக்கு இன்னொரு வரி சேர்ப்பது எவ்வளவு பெரிய வேலை?

வாயசைப்பைக் கண்டு அதிர்ச்சி அடையும் சமூகத்திலிருந்து நான் எழுதவில்லை. எங்கள் ஊரில் நடிகர் வாயசைப்பார், பாடுபவர் வேறு என்று குழந்தைக்கும் தெரியும். பாடகருக்கும் தனியாக ரசிகர் கூட்டம் உண்டு. இலங்கை வானொலியும் எங்கள் வானொலி நிலையங்களும் படத்தின் பெயர், பாடலாசிரியர், இசையமைப்பாளர், பாடியவர் என்று வரிசையாகச் சொல்லிவிட்டுத்தான் பாட்டைப் போட்டன. (இன்றைய பண்பலைகள் அதைக் கைவிட்டுவிட்டன. அவர்களுக்கு வேறொரு மடல் எழுத வேண்டும்.) இந்த நேர்மை எங்களுக்கும் தானாக வந்துவிடவில்லை. 1949இல் ‘மகல்’ என்ற இந்திப் படத்தின் புகழ்பெற்ற பாடல் இசைத்தட்டாக வந்தபோது, பாடியவர் இடத்தில் காமினி என்று கதாபாத்திரத்தின் பெயரை அச்சிட்டிருந்தார்கள். யார் இந்தக் குரல் என்று கேட்டு நேயர்கள் வானொலிக்குக் கடிதம் கடிதமாக எழுதினார்கள். நிலையத்தார் இசைத்தட்டு நிறுவனத்திடம் விசாரித்து, லதா மங்கேஷ்கர் என்ற பெயரை ஒலிபரப்பினார்கள். நேயர் கடிதத்துக்கு அப்படியொரு வலிமை இருந்தது என்ற நம்பிக்கையில்தான் நானும் எழுதுகிறேன்.

ஒப்பந்தத்தில் அப்படி இல்லை என்பீர்கள். ஒருமுறைச் சம்பளம் வாங்கிக்கொண்டு கையெழுத்திட்டுவிட்டார்கள் என்பீர்கள். சரி, ‘தி ரிதம் ஆஃப் தி நைட்’ பாடலை எழுதியவர்கள் என்று நீங்களே தரும் பட்டியலை எடுத்துப் பார்ப்போம். போன்டெம்பி, ஆனர்லி கோர்டன், ஜோர்ஜியோ ஸ்பாக்னா பெயர்களோடு பீட் கிளெனிஸ்டர், மைக் காஃபி என்று இரண்டு பெயர்கள் இருக்கின்றன. அந்தப் பல்லவியின் மெட்டு 1987இல் வெளியான ‘சேவ் மீ’ என்ற பாடலோடு ஒத்துப்போவதால் அந்தப் பாடலின் உரிமையாளர்களுக்கும் இடம் கொடுக்க வேண்டியிருந்தது. மிகச் சரியான காரியம். ஆறு ஆண்டு முந்தைய மெட்டுக்குச் சொந்தக்காரரைத் தேடிப் பிடித்துப் பெயர் போட முடிந்தது. ஒலிவாங்கியின் முன்னால் நின்று அந்த மெட்டைப் பாடியவரின் பெயர் மட்டும் கிடைக்கவில்லையா?

சட்டமும் உங்கள் பக்கம் முழுதாக இல்லை. நிகழ்த்துகலைஞருக்கும் ஒலிப்பதிவில் உரிமை உண்டு என்று சொன்ன 1961ஆம் ஆண்டு சர்வதேச ஒப்பந்தம் கையெழுத்தானதே ரோமில். உலக அறிவுசார் சொத்து அமைப்பின் 1996ஆம் ஆண்டு ஒப்பந்தம், பதிவான தன் நிகழ்த்தலில் நிகழ்த்தியவராகத் தன்னை அடையாளம் காட்டும்படி கேட்கும் உரிமையைக் கலைஞருக்குத் தருகிறது. பழைய பதிவுக்கு இது எந்த அளவு பொருந்தும் என்று உங்கள் வழக்கறிஞர்கள் வாதாடலாம். அவர்களுக்கும் தொழில் நடக்க வேண்டுமே.

பெயர் வெறும் மரியாதை என்று நினைப்பவர்களுக்கு ஒரு தகவல். ஐரோப்பிய ஒன்றியம் 2011இல் ஒலிப்பதிவுகளின் பாதுகாப்புக் காலத்தை 50 ஆண்டிலிருந்து 70 ஆண்டாக உயர்த்தியது. உங்களுக்கு இருபது ஆண்டு கூடுதல் வருமானம். அதற்கு ஈடாக ஒரு நிபந்தனையும் வைத்தது. ஒரே தொகை வாங்கிக்கொண்டு உரிமையை எழுதிக்கொடுத்த கலைஞர்களுக்காக, ஐம்பது ஆண்டு முடிந்த பிறகு, அந்தப் பதிவின் விற்பனையிலிருந்தும் இணைய வழங்கலிலிருந்தும் வரும் வருவாயில் 20 சதவீதத்தை ஆண்டுதோறும் ஒதுக்கிவைக்க வேண்டும். 1993இல் வெளியான பாடலுக்கு அந்தக் கணக்கு 2044இல் தொடங்கும். அன்றைக்கு யாருக்குக் கொடுப்பீர்கள்? ஸ்டுடியோவில் இருந்தவர்கள் பலர் போய்ச் சேர்ந்திருப்பார்கள். டேப் பெட்டியின் மேல் பென்சிலால் எழுதியிருந்த பெயரும் மங்கியிருக்கும். லொலீட்டா ஹாலோவே 2011இலேயே மறைந்துவிட்டார். அவரைப் போன்றவர்களின் பிள்ளைகள் வந்து கேட்டால், பதிவேட்டில் அப்படி யாரும் இல்லை என்று சொல்வதற்காகவா இந்தக் காலியிடம் காக்கப்படுகிறது? வானொலி ஒலிபரப்புக்கான கலைஞர் பங்கைப் பிரித்துத் தரும் சங்கங்களுக்கும் இன்றே தேவைப்படுவது இதே பெயர்தான்.

எனவே நான் கேட்பது இது. ஒவ்வொரு பாடலின் விவரப் பக்கத்திலும் எழுதியவர், தயாரித்தவர் என்பவற்றோடு ‘குரல்’ என்ற ஒரு வரியும், தேவைப்படும் இடத்தில் ‘வீடியோவில் தோன்றியவர்’ என்ற இன்னொரு வரியும் இருக்கட்டும். குழுவின் பெயரை மாற்றச் சொல்லவில்லை. கொரோனா கொரோனாவாகவே இருக்கட்டும், ஓல்கா சூசா அட்டையில் இருக்கட்டும். இசை நிறுவனங்கள் தங்கள் ஒப்பந்தக் கோப்புகளைத் திறந்து பெயர்களைக் கொடுக்க வேண்டும். கோப்பு தொலைந்திருந்தால் தயாரிப்பாளர்களில் பலர் இன்னும் உயிரோடுதான் இருக்கிறார்கள். தொலைபேசியில் கேட்டால் சொல்லிவிடுவார்கள், பேட்டிகளில் ஏற்கெனவே சொல்லியும் இருக்கிறார்கள். ஸ்ட்ரீமிங் தளங்கள், அந்தத் தகவல் வந்தால் அதைப் பதினெட்டாவது சொடுக்கில் ஒளித்துவைக்காமல் பாடலின் பெயருக்குக் கீழேயே காட்ட வேண்டும். பாடகரோ அவர் குடும்பத்தாரோ திருத்தம் கேட்டு விண்ணப்பிக்க ஒரு வழியும், அதற்குப் பதில் சொல்ல ஒரு காலக்கெடுவும் வேண்டும்.

கொரோனாவின் முதல் ஆல்பத்தில் தொடங்கலாம். ‘தி ரிதம் ஆஃப் தி நைட்’ பாடலுக்கு ஜென்னி பி. மற்றவற்றுக்கு யார் யார் என்ற பட்டியல் உங்களிடம் இருக்கிறது.

இப்படிக்கு,
உங்கள் பாடல்களை இன்னும் கேட்டுக்கொண்டிருக்கும் ஒரு தமிழ் நேயர்